கோர்ட்டில் கூப்பிட்ட பேர்

தவுடா,

நேற்று கோர்ட்டில் முதல் தடவையாக என் பேரைக் கூப்பிட்டார்கள். எழுந்து உள்ளே போய் நின்றேன். அடுத்த வாய்தா சொன்னார்கள். கும்பிட்டுவிட்டு வெளியே வந்து பஸ் ஏறினேன். அவ்வளவுதான் நடந்தது. இன்றைக்குக் காலையில் பீடித்தட்டை ஓரமாக வைத்துவிட்டு இதை எழுத உட்கார்ந்திருக்கிறேன். தாள் உன்னுடையது, கேஸ் கட்டுக்குள் நீ மடித்து வைத்திருந்தது. அஞ்சாம் வகுப்போடு நின்றவள் எழுத்து, கோடு போட்ட தாளிலேயே கோணிக்கொண்டு போகிறது. நீ இருந்தால் பிடுங்கிப் பார்த்துச் சிரிப்பாய். நீ போய் ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. உன் கேஸை நான் தோற்கக் கொடுத்துவிட்டு, இப்போதுதான் பாதி மீட்டிருக்கிறேன். ஏன் அப்படிச் செய்தேன் என்பதை வக்கீலம்மா மனுவில் நாலு வரியில் எழுதிவிட்டார். அதில் பொய் இல்லை, ஆனால் முழுசும் இல்லை. முழுசையும் உன்னிடம் சொல்ல வேண்டும். வேறு யாராவது படித்தாலும் படிக்கட்டும். கோர்ட் காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு அடுப்பையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிற பொம்பளைகள் நம் ஊரில் என்னைத் தவிரவும் இருப்பார்கள்.

உனக்கு முன்னால் பிறந்த இரண்டும் தங்கவில்லை என்பது உனக்குத் தெரியும். நீ பிறந்த ஏழாம் நாள் உன்னைப் புடைக்கிற சுளவில் கிடத்தி, உன் அப்பாவுக்குத் தம்பி முறையான செல்லையாவின் பெண்டாட்டியிடம் ஒரு நாழி தவிட்டுக்குக் கொடுத்தேன். அவள் உன்னை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு, "ஏளா, இது இனி எம்பிள்ள. எனக்காவ வளத்துக் குடு" என்று திரும்பக் கொடுத்தாள். தவிட்டுக்குப் போன பிள்ளையை எமன் எட்டிப் பார்க்க மாட்டான் என்று நம்பினோம். குலசாமி பேரை உனக்கு வைத்தோம், ஆனால் வீட்டில் யாரும் அதைச் சொல்லக் கூடாது என்று நான்தான் சட்டம் போட்டேன். இசக்கிமுத்து என்கிற பேர் பள்ளிக்கூட வருகைப் பதிவிலும் ரேஷன் கார்டிலும் மட்டும் இருந்தது. "யம்மா, நான் என்ன மாட்டுத் தீவனமா?" என்று பத்தாம் வகுப்பில் சண்டை போட்டாய். உன் சிநேகிதர்கள் வாசலில் வந்து முழுப் பேர் சொல்லிக் கூப்பிட்டால் நான் ஓடிப் போய், "தவுடு இருக்காம்யா, வாரான்" என்று சொல்லி அந்தப் பேரை மூடிவிடுவேன். முப்பத்தொரு வருஷம் அப்படியே மூடி வைத்திருந்தேன்.

கோர்ட் விஷயத்தில் நம் வீட்டுக்கு முன்னமே ஒரு அடி பட்டிருந்தது. களத்துமேட்டு இடத்துக்காக உன் அப்பா மேல் ஒருத்தர் கேஸ் போட்டார். நீ அப்போது கைப்பிள்ளை. பதிவுத் தபால் வந்தது. யாரோ டீக்கடையில் சொன்னதைக் கேட்டுக்கொண்டு, "கையெழுத்துப் போட்டு வாங்குனாத்தான் கேஸ். வாங்காட்டா என்ன செய்வான்?" என்று உன் அப்பா தபால்காரரைத் திருப்பி அனுப்பினார். நானும் பக்கத்தில் நின்று, "நல்ல காரியம் செஞ்சீங்க" என்றேன். பிறகு கதவில் ஒரு தாளை ஒட்டிவிட்டுப் போனார்கள். அதையும் கிழித்து அடுப்பில் போட்டது நான்தான். நாங்கள் வராமலே கேஸ் நடந்து, எதிராளி சொன்னதே தீர்ப்பாகி, ஒரு நாள் கோர்ட் அமீனா வந்து இடத்தை அளந்து கொடுத்துவிட்டுப் போனார். அப்பா களத்துமேட்டில் துண்டை விரித்து உட்கார்ந்துகொண்டு, "நாந்தான் தபாலே வாங்கலியே" என்று ஒரு பொழுது முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார். இந்தக் கதையைக் கேட்டு வளர்ந்ததால்தான் நீ கோர்ட் தேதியில் அவ்வளவு கண்டிப்பாக இருந்தாய். காலண்டரில் வாய்தாத் தேதியைப் பென்சிலால் வட்டம் போடுவாய். "யம்மா, கோர்ட்டுல ஒண்ணு செய்யச் சொன்னா, சொன்ன நாளுக்குள்ள செஞ்சிரணும். நம்ம பக்கம் நியாயம் இருக்குன்னு வீட்டுல இருந்தா அது வீட்டுலயேதான் இருக்கும்" என்பாய். உன் வாயால் அதைக் கேட்டவளே அதைச் செய்யவில்லை, தவுடா.

வண்டிப்பாதைக் கேஸ் எப்படி ஆரம்பித்தது என்று நீ வக்கீலம்மாவிடம் சொன்னது வேறு. எனக்கு உண்மை தெரியும். செல்லையா தன் வயல் ஓரத்து வண்டிப்பாதையில் சுவருக்கு அஸ்திவாரமாக வானம் தோண்டியபோது, நீ நிதானமாகத்தான் கேட்டாய். "சித்தப்பா, எங்க தாத்தா காலத்துலேருந்து வண்டி போற வழி. இதுல சுவர் வச்சா வாழத்தார எப்படிக் கொண்டுபோக?" அவரும் முதலில் சிரித்துக்கொண்டுதான் பேசினார். பிறகு கூட்டம் கூடிவிட்டது. கூட்டத்தைப் பார்த்ததும் அவருக்கு வாய் நீண்டது. "ஏலே, ஒரு நாழி தவிட்டுக்கு எங்க வீட்டுக்கு வந்த பய நீ. ஒனக்கு வண்டி போக ரோடு கேக்குதோ?" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நீ, "தவிட்டத் தின்னது ஒங்க மாடு சித்தப்பா, நான் இல்ல" என்றாய். அதற்கும் சிரித்தார்கள். ஆனால் வீட்டுக்கு வந்து நீ சோற்றில் கை வைக்கவில்லை. மறுநாள் சேரன்மகாதேவிக்குப் போய் வக்கீலம்மாவைப் பார்த்தாய். சுவர் வைக்கக் கூடாது என்று கோர்ட் தடை கொடுத்தது. தோண்டிய வானம் அப்படியே மழையில் தூர்ந்துகொண்டு கிடந்தது. கேஸ் முடியட்டும், அப்புறம் பெண் பார்க்கலாம் என்று சொன்னாய். நான் பார்த்து வைத்திருந்த பெண்ணுக்கு இப்போது கைக்குழந்தை இருக்கிறது.

பிறகு உனக்கு மஞ்சள்காமாலை வந்தது. பன்னிரண்டு நாள். அதைப் பற்றி எழுத மாட்டேன், உனக்கே தெரியும். உன்னைத் தூக்கிக்கொண்டு போனபோது முன்பக்கம் தோள் கொடுத்தவர்களில் செல்லையாவும் ஒருத்தர். சுடுகாட்டிலிருந்து வந்து நம் வாசலில் தலையைக் கவிழ்த்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தார் என்று பிறகு சொன்னார்கள்.

பதினாறு முடிந்த நாலாம் நாள் உன் போன் அடித்தது. வக்கீல் குமாஸ்தா அண்ணாச்சி. எடுக்கவில்லை. காலண்டரைப் பார்த்தேன், மறுநாள் நீ போட்ட வட்டம். வீட்டில் துக்கம் இருக்கிறவள் இப்படி வெளியே போவதா என்று பக்கத்து வீட்டில் கேட்டார்கள். சேலையை மாற்றிக்கொண்டு போய்விட்டேன். யாரிடமும் ஒன்றும் சொல்லவில்லை. வக்கீலம்மா கேட்டதற்கு, "ஒடம்பு சொகமில்ல" என்றேன். பொய்யென்று நினைத்துச் சொல்லவில்லை. வாயில் அதுதான் வந்தது. வராந்தாவில் தூணோரம் உட்கார்ந்திருந்தேன். வாசலில் நின்று கட்சிக்காரர்களைக் கூப்பிடுகிற டவாலிக்காரர், வயசானவர், நல்ல கட்டையான குரல். கேஸ் நம்பரைச் சொல்லிவிட்டு, "இசக்கிமுத்து... இசக்கிமுத்து... இசக்கிமுத்தூ..." என்று மூன்று தடவை கூப்பிட்டார். கடைசித் தடவை இழுத்து, கேட் பக்கம் வரை பார்த்துக் கூப்பிட்டார்.

தவுடா, வீட்டில் உன் சட்டையை எடுத்துவிட்டார்கள், கட்டிலைத் திருப்பிப் போட்டுவிட்டார்கள். உன்னைப் பற்றிப் பேச வேண்டி வந்தால், எல்லோரும் என் முகத்தைப் பார்த்துவிட்டு, 'பய' என்றும் 'அவன்' என்றும் சொல்லிச் சமாளித்தார்கள். அங்கே ஒரு மனுஷர், ஒன்றும் தெரியாமல், இதோ டீ குடிக்கப் போயிருக்கிறாய், வந்துவிடுவாய் என்பதுபோல உன்னைக் கூப்பிட்டார். நான் எழுந்து, "வருவான்யா" என்றேன். எதிர்த்த தூணில் செல்லையா நின்றார். அவர் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். வாய்தா கொடுத்தார்கள்.

அடுத்த வாய்தாவில் செல்லையாவின் வக்கீல் எழுந்து, வாதி இறந்துவிட்டார் என்று சொன்னார். வக்கீலம்மா திரும்பி என்னைப் பார்த்த பார்வை இன்றைக்கும் கண்ணில் நிற்கிறது. கோபம் இல்லை. வெளியே கூட்டி வந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். "ஏம்மா எங்கிட்டச் சொல்லல?" என்றார். பிறகு விளக்கமாகச் சொன்னார். கேஸ் போட்டவர் இறந்துபோனால் அவருடைய வாரிசு வந்து அவர் இடத்தில் நிற்க வேண்டும், அதற்குத் தொண்ணூறு நாள்தான் கெடு, இறப்புச் சான்றிதழும் வாரிசுச் சான்றிதழும் வாங்கிக்கொண்டு வந்து ஒரு கையெழுத்துப் போட்டால் போதும், நீதிபதியும் அதைத்தான் உத்தரவாகச் சொல்லியிருக்கிறார் என்றார். நான் தலையை ஆட்டினேன். பக்கத்தில் நின்ற குமாஸ்தா அண்ணாச்சியிடம் ஒன்று மட்டும் கேட்டேன். "அண்ணாச்சி, நான் அதப் போட்டா, பொறவு யார் பேரக் கூப்பிடுவாவ?"

"ஒங்க பேரத்தாம்மா. பேச்சியம்மான்னு கூப்பிடுவாவ."

"போடாட்டி?"

"போடாட்டி ஏட்டுல மாத்துத வரைக்கும் பழைய பேருதான். அதுக்கென்ன இப்பம்? மொதல்ல தாலுகா ஆபீசுக்குப் போங்க."

அதற்கென்ன என்று அவர் சாதாரணமாகக் கேட்டுவிட்டார். நான் பஸ்ஸில் வரும்போது முழுக்க அதையே நினைத்துக்கொண்டு வந்தேன்.

போகவே இல்லை என்று சொல்ல மாட்டேன். ஒரு நாள் கிராம நிர்வாக அலுவலரிடம் போனேன். சின்னப் பிள்ளை, மரியாதையாகத்தான் பேசினார். "யாருக்கு யாரு வாரிசும்மா?" என்று கேட்டார். உன் அப்பாவும் இல்லாததால், என் மகனுக்கு நான் என்று சொல்ல வேண்டும். எனக்கு நீ வாரிசாக வேண்டியவன். உனக்கு நான் வாரிசு என்று என் வாயால் சொல்லிக் கையெழுத்தும் போட வேண்டும். "பொறவு வாரேன்யா" என்று எழுந்து வந்துவிட்டேன். இதைத் துக்கம் என்று மனுவில் எழுதியிருக்கிறார்கள். அதுவரைக்கும் சரிதான்.

எழுதாமல் விட்டது இது. அதற்குப் பிறகு மூன்று வாய்தா வந்தது. மூன்றுக்கும் போனேன். காகிதம் கொண்டுபோகவில்லை, கூப்பிடுவதைக் கேட்கப் போனேன். காலையில் குளித்து, முதல் பஸ்ஸில் போய், அதே தூணோரம் உட்கார்வேன். வக்கீலம்மா ஒவ்வொரு தடவையும் கேட்பார். நான், "இன்னும் வரலம்மா, ஆபீசுல இழுத்தடிக்காவ" என்று ஒரு பாவமும் செய்யாத அந்தப் பையன் மேல் பழியைப் போட்டேன். குமாஸ்தா அண்ணாச்சிதான் ஒரு நாள் கத்திவிட்டார். "ஏம்மா, வாய்தாவுக்கு வாய்தா சடங்கு வீட்டுக்கு வார மாதிரி வந்து ஒக்காருதீங்க. கொண்டு வரச் சொன்னதக் கொண்டு வராம, சும்மா வந்து என்ன பிரயோசனம்? கெடு தாண்டுச்சுன்னா கேஸு கையில நிக்காது, பாத்துக்கிடுங்க." நானும், "சரி அண்ணாச்சி" என்றேன். உள்ளே உன் பேரைக் கூப்பிட்டார்கள். அண்ணாச்சி இன்னும் பேசிக்கொண்டிருந்தார். எனக்கு அவர் பேச்சு காதில் விழவில்லை.

நாலாம் வாய்தாவுக்குப் போனபோது உன் பேரைக் கூப்பிடவே இல்லை. மத்தியானம் வரை உட்கார்ந்திருந்தேன். வக்கீலம்மா வந்து, இந்த வாய்தாவுக்கு முன்னமே கெடு தாண்டிவிட்டது, வழக்கு அற்றுப்போனதாகப் பதிந்துவிட்டார்கள் என்றார். அற்றுப்போனது என்பதுதான் வார்த்தை. கிணற்றுக் கயிறு அற்றுப்போகும், மாட்டுக் கயிறு அற்றுப்போகும், எனக்கு அவ்வளவுதான் தெரியும். கேஸும் அற்றுப்போகும் என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டேன். கேஸ் அற்றுப்போனால் அதைப் பிடித்துக்கொண்டிருந்த தடையும் போய்விடுமாம். யாரும் நம்மைத் தோற்கடிக்கவில்லை, தவுடா. உன் பக்கம் நியாயம் இல்லை என்று யாரும் சொல்லவில்லை. சொன்னதைச் செய்யவில்லை, அதனால் கேட்க ஆள் இல்லை என்று மூடிவிட்டார்கள்.

அந்த வாரமே செல்லையா வீட்டுக்கு வந்தார். உள்ளே வரவில்லை. வாசலில் நின்று, "மதினி, இனிமே தடை கெடையாதுன்னு வக்கீல் சொல்லுதாரு. நாளைக்குக் கொத்தனார் வாராவ. ஒங்ககிட்ட ஒரு வார்த்த சொல்லாமச் செய்யப்படாதுன்னு வந்தேன்" என்றார்.

"எம்பிள்ளையத் தோள்ல தூக்குனீங்களே" என்றேன்.

"தூக்குனேன். அவன் இருந்தா அவங்கிட்ட மல்லுக்கு நின்னிருப்பேன். ஒங்ககிட்ட என்னத்த மல்லுக்கு நிக்க? கோர்ட்டுல ஒங்களுக்கு நாள் குடுத்தாவல்லா மதினி. ஒரு நாளா ரெண்டு நாளா. நானும் அந்தத் தூணுக்கிட்ட நின்னு பாத்துக்கிட்டுத்தான் இருந்தேன், இன்னைக்குத் தருவீங்க, நாளைக்குத் தருவீங்கன்னு."

அவரைத் திட்ட வேண்டும் என்றுகூடத் தோன்றவில்லை. நாலு நாளில் சுவர் எழும்பிவிட்டது. அந்த வருஷம் வாழைத்தாரை வாய்க்கால் கரை வழியாக ஆட்கள் தலைச்சுமையாகத்தான் கொண்டுபோனார்கள். கரை ஈரம், ஒருத்தர் தாரோடு வழுக்கி வாய்க்காலுக்குள் உட்கார்ந்துவிட்டார். நல்லவேளை, காலில் சிராய்ப்போடு போனது. சுமந்து முடிக்க ஆள் போதவில்லை. பின்வரிசைத் தார்கள் மரத்திலேயே பழுத்து அணில் தின்றது. அணில் கொறித்த பழத்தோல் உன் வரப்பு முழுக்கக் கிடந்தது. அதைப் பார்த்த அன்றைக்குத்தான் நான் என்ன செய்திருக்கிறேன் என்று எனக்கு உறைத்தது. பேரைக் கேட்கப் போன இடத்தில் நீ கேட்கப் போனதைத் தொலைத்துவிட்டு வந்திருக்கிறேன்.

வயலிலிருந்து நேரே தாலுகா ஆபீசுக்குப் போனேன். இரண்டு சான்றிதழும் மூன்று வாரத்தில் கைக்கு வந்துவிட்டன. அவ்வளவு லேசான காரியம். வக்கீலம்மா, "இப்போ லேசு இல்லம்மா. தாமதமான ஒவ்வொரு நாளுக்கும் காரணம் சொல்லணும்" என்றார். மனு போட்டோம். செல்லையா வக்கீல் எழுந்து, இந்த அம்மாவுக்கு எல்லாம் தெரியும், ஒரு வாய்தா தவறாமல் வந்திருக்கிறார், தெரிந்தே செய்யவில்லை என்று சொன்னார். அவர் சொன்னதும் உண்மைதான். நான் போகாமல் வீட்டிலேயே கிடந்திருந்தால்கூட, பாவம், துக்கத்தில் தெரியவில்லை என்றிருப்பார்கள். போனதுதான் எனக்கு எதிராக நின்றது. நீதிபதி என்னையே பார்த்துக் கேட்டார். "ஏம்மா, எல்லா வாய்தாவுக்கும் வந்திருக்கீங்க. சொன்னதை மட்டும் ஏன் செய்யல?"

"பேரக் கூப்பிடுததக் கேக்க வந்தேன்யா" என்றேன்.

வக்கீலம்மா என் கையைத் தொட்டார். நீதிபதி, "கோர்ட் சொன்னதைக் கேக்காததுக்கு இது காரணம் ஆகாதும்மா" என்றார். வேறு ஒன்றும் சொல்லாமல் எழுதினார். பதினைந்து நாளுக்குள் பேரை மாற்றி வழக்கைத் திருத்திக் கொடுத்தால் கேஸ் மறுபடி உயிர்பெறும், ஒரு நாள் தவறினாலும் இந்த மனுவும் தானாகத் தள்ளுபடி என்று உத்தரவு. சுவர் சுவராகத்தான் நிற்கிறது. அதை எடுக்கச் சொல்லி இனிமேல் தனியாகக் கேட்க வேண்டும், அது கிடைக்கும் என்றும் சொல்ல முடியாது, வருஷங்கள் ஆகும் என்று வக்கீலம்மா மறைக்காமல் சொல்லிவிட்டார். தடை இருந்தபோது வெறும் வானத்தோடு நின்றிருந்த சுவரை, இப்போது என் ஆயுசு முழுக்க நின்று பார்க்க வேண்டும்.

பதினைந்து நாள் கொடுத்தார்கள், நான் மூன்றாம் நாளே போய்விட்டேன். குமாஸ்தா அண்ணாச்சி சிவப்பு மையில் திருத்தினார். உன் பேருக்குப் பக்கத்தில் அடைப்புக்குறி போட்டு இறந்துவிட்டார் என்று எழுதினார். அதற்குக் கீழே இரண்டாவதாக என் பேர். பழைய பேரை அடிக்க மாட்டீர்களா என்று கேட்டேன். "அடிக்க மாட்டோம்மா. அது அங்கனயேதான் இருக்கும். நீங்க அவரு எடத்துல நிக்கீங்க, அவ்வளவுதான்" என்றார். நான் பைய, ஒவ்வொரு எழுத்தாகக் கையெழுத்துப் போட்டேன்.

உனக்குப் புத்தி சொல்ல எனக்கு ஒன்றும் இல்லை, நீ எல்லாம் தெரிந்து நடந்தவன். இதைப் படிக்கிற வேறு யாருக்காவது வேண்டுமானால் சொல்கிறேன். கோர்ட் ஒரு நாள் சொன்னால் அந்த நாள் உங்கள் துக்கத்துக்காக நிற்காது. அழுதுகொண்டே போய்க் கொடுத்துவிட்டு வாருங்கள். கொடுத்துவிட்டால் உங்கள் ஆள் இல்லாமல் போய்விடுவார் என்று நினைக்காதீர்கள். நான் நினைத்தேன்.

நேற்று, "பேச்சியம்மாள்... பேச்சியம்மாள்" என்று இரண்டு தடவை கூப்பிட்டதுமே, "இருக்கேன்யா" என்று எழுந்துவிட்டேன். மூன்றாவது தடவை கூப்பிட அவருக்கு வேலை இல்லாமல் போயிற்று. வெளியே வந்ததும் அந்த டவாலிக்காரரிடம், "எம்மவன் பேர நீங்க நல்லாக் கூப்பிடுவீங்கய்யா" என்றேன். அவர் என்னைப் புரியாமல் பார்த்துவிட்டு, "எல்லாப் பேரையும் அப்படித்தாம்மா கூப்பிடுதேன்" என்று அடுத்த நம்பரைப் பார்க்கப் போய்விட்டார். நான் உன் பேரைச் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை, எய்யா. யாருக்கும் கேட்டுவிடக் கூடாது என்று தவுடா, தவுடா என்றே கூப்பிட்டேன். அங்கே அந்த மனுஷர் வாய்தாவுக்கு வாய்தா, கேட்டைப் பார்த்து, முழுப் பேரையும் சொல்லி மூன்று தடவை கூப்பிட்டாரே, அதில் ஒரு தடவையாவது உனக்குக் கேட்டதா?